எதிர்ப்பக்க நாற்காலி

ஆல்டன் ஃபோர்க், நெப்ராஸ்கா
நவம்பர் 8, சனிக்கிழமை

அன்பு மகள் ஆனிகாவுக்கு,

அம்மா எழுதுவது. நானும் உன் அப்பாவும் உடம்பளவில் நன்றாகத்தான் இருக்கிறோம். நீயும் வேளைக்குச் சாப்பிட்டு, தூங்கி, நன்றாக இருக்க வேண்டும்.

போன் பேசாமல் ஏன் கடிதம் என்று நினைப்பாய். போனை எடுத்தால் உன் அப்பா எங்கிருந்தாலும் வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொள்கிறார். "பரீட்சை முடியிற வரைக்கும் அவகிட்ட மூச்சு விடக்கூடாது, லோரெட்டா" என்று சொல்லியிருக்கிறார். நானும் தலையை ஆட்டினேன். தலையைத்தான் ஆட்டினேன், கையை யாரும் கட்டிப்போடவில்லை. இப்போது அவர் மேற்கு வயலில் கடைசிச் சோளத்தை அறுத்துக்கொண்டிருக்கிறார். அறுவடை இயந்திரத்தின் சத்தம் கேட்கிற வரைக்கும் எனக்கு எழுத நேரம் இருக்கிறது.

வழக்கில் தோற்றுவிட்டோம், ஆனிகா. வியாழக்கிழமை தீர்ப்பு வந்தது. அந்தக் கம்பெனியின் குழாய் நம் நிலத்தில்தான் வரும், வீட்டுக்கும் மாட்டுக் கொட்டிலுக்கும் நடுவில். காற்றுக்குத் தடுப்பாக நிற்கிற மரங்களை எல்லாம் வெட்டிவிடுவார்கள். நம் சோளம் போகிற எத்தனால் ஆலையின் கரியமில வாயுவைத்தான் அதில் கொண்டுபோகிறார்களாம். கசிந்தால் அது மேலே போகாமல் தரையோடு தங்கும், வண்டியைக் கிளப்பி ஓடலாம் என்றால் வண்டியும் கிளம்பாது என்று தீயணைப்புக்காரர் கூட்டம் போட்டுச் சொல்லிவிட்டுப் போனார். நிலத்துக்குக் காசு தருவார்கள். உன் அப்பா அந்தப் பேச்சையே எடுக்க விடுவதில்லை.

இதை மட்டும் சொல்வதற்கு நான் ஒளிந்து உட்கார்ந்து கடிதம் எழுத மாட்டேன். நடந்தது வேறு. எப்படிச் சொல்வது என்று மூன்று நாளாக யோசித்துப் பார்த்துவிட்டேன், நல்ல வழி ஒன்றும் தெரியவில்லை. நடந்ததை நடந்தபடியே சொல்லிவிடுகிறேன்.

அன்றைக்கு நானும் அப்பாவும் இரண்டாவது வரிசையில் உட்கார்ந்திருந்தோம். நம் வக்கீல் கார்லா முதலில் பேசினாள். நன்றாகத்தான் பேசினாள். பிறகு கம்பெனி வக்கீல் எழுந்தான். ப்ரெஸ்காட் லேன் என்று பெயர். மரியாதை தெரிந்த பையன், காலையில் எனக்குக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றான். அவன் மேசையிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்தான். நீல அட்டை. எங்கேயோ பார்த்த அட்டையாக இருக்கிறதே என்று நினைத்தேன். நம் வீட்டுக் குளிர்பெட்டியின் மேல் பார்த்த அட்டை. உங்கள் சட்ட மாணவர் சங்கத்தின் இதழ்.

அவன் விரித்துப் படித்தான். "ஒரு தீர்ப்பு யாரை அழவைக்கும் என்று சட்டத்தின் சொற்கள் கேட்பதில்லை. நீதிபதியும் கேட்கக் கூடாது." அந்த வரி எனக்கு மனப்பாடம், கண்ணு. புத்தகம் வந்த நாளிலிருந்து விதை வியாபாரி, கால்நடை டாக்டர், போதகர் என்று வீட்டுக்கு வந்தவர் ஒருவரையும் விடாமல் உன் அப்பா அதைப் படித்துக் காட்டியிருக்கிறார். என் மகள் எழுதியதை, என் வீட்டை எடுக்க வந்தவன், என் முகத்துக்கு நேராக நின்று படிக்கிறான்.

"இதை எழுதியவர் ஹார்ம்ஸ்" என்றான். நம் மாவட்டத்தில் கல்லெறிந்தால் ஒரு ஹார்ம்ஸ் மேல்தான் விழும், அவனுக்கு என்ன தெரியும். நீதிபதி ஓல்மன் மட்டும் கண்ணாடியைக் கழற்றிவிட்டு எங்கள் பக்கம் பார்த்தார். அப்போது உன் அப்பா எழுந்து நின்றார். யாரும் கூப்பிடவில்லை, ஒன்றும் கேட்கவில்லை. தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு, "அது என் பொண்ணுங்க" என்றார்.

சத்தியமாகச் சொல்கிறேன், பெருமையாகத்தான் சொன்னார். பரிசு வாங்கும்போது எழுந்து நிற்பார்களே, அப்படி நின்றார். அந்த லேன் பையன் முகம் வெளிறிப் புத்தகத்தை மூடிவிட்டான். நீதிபதி மெதுவாக, "உக்காருங்க டுவேன்" என்றார். நான்தான் சட்டையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தேன்.

உன்மேல் குற்றம் இல்லை என்று எனக்குத் தெரியும். நீ அதைப் பேசியபோது நானும் அங்கேதான் இருந்தேன். வசந்தத்தில் உன்னைப் பார்க்க வந்தபோது உங்கள் சங்கத்தின் மதியக் கூட்டத்துக்கு எங்களைக் கூட்டிப்போனாய். இலவசப் பொரித்த கோழிக்காகவே பாதிப் பிள்ளைகள் வந்திருந்தார்கள். ஒரு தனியார் கம்பெனிக்காக ஒருவருடைய நிலத்தை அரசாங்கம் எடுக்கலாமா என்று அன்றைக்கு வாதம். எடுக்கக் கூடாது என்று பேச உன் சிநேகிதன் ஆன்செல் வந்திருந்தான், அந்த வண்ணத்துப்பூச்சி டை கட்டிய பையன். எதிர்த்துப் பேச வேண்டிய பேராசிரியர் காய்ச்சல் என்று வரவில்லை. ஆன்செல் மட்டும் பேசட்டும் என்று எல்லோரும் சொன்னார்கள். நீ ஒப்புக்கொள்ளவில்லை. "எதிர்ப்பக்கம் ஆள் இல்லாம நம்ம சங்கத்துல பேச்சே கிடையாது" என்று சொல்லிவிட்டு நீயே போய் அந்தக் காலி நாற்காலியில் உட்கார்ந்தாய்.

உங்கள் சங்கத்தில் இரண்டு ரகம் என்று நீதான் எனக்குச் சொல்லிக்கொடுத்தாய். சட்டத்தில் எழுதியதை எழுதியபடி படிப்பதோடு நீதிபதி நின்றுகொள்ள வேண்டும் என்பது ஒரு ரகம், நீ அது. அரசாங்கம் எவன் சொத்திலும் சுதந்திரத்திலும் கை வைக்கக் கூடாது, வைத்தால் அந்தக் கையை நீதிபதி தட்டிவிட வேண்டும் என்பது இன்னொரு ரகம், ஆன்செல் அது. அரசாங்கம் சின்னதாக இருக்க வேண்டும் என்பதில் இரண்டும் ஒன்றாம். அப்படியானால் சண்டையே வராதே என்று அன்றைக்கு நான் சிரித்தேன்.

நீ அவனைத் துவைத்துக் காயப்போட்டுவிட்டாய். கை தட்டித் தட்டி உன் அப்பாவின் உள்ளங்கை சிவந்துபோனது. அதைக் கேட்டவர்கள்தான் கட்டுரையாக எழுதித் தரச் சொன்னார்கள். அப்போது குழாய் வடக்கு மாவட்டம் வழியாகப் போவதாகத்தானே பேச்சு. கோடையில்தான் பாதையை நம் பக்கம் திருப்பினார்கள். இது எல்லாம் எனக்குத் தெரியும். தெரிந்தும் வியாழக்கிழமை ராத்திரி உன்மேல் எனக்குக் கோபம் வந்தது. இவ்வளவு திறமையாகப் பேசுவதற்கா இவளைப் பெற்றேன் என்று நினைத்தேன். இப்போது கோபம் இல்லை என்று சொன்னால் அது பொய். கொஞ்சம் இருக்கிறது, நீ வந்தால் போய்விடும்.

மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு நீதிபதி தீர்ப்பைச் சொன்னார். எழுதிவைத்ததைப் படித்தார், அதில் உன் கட்டுரையும் பெயரோடு வந்தது. கடைசியில் எங்களைப் பார்த்துப் பேசினார். "எனக்கே இது பிடிக்கலை, டுவேன். ஆனா குழாய்ல எதைக் கொண்டுபோனாலும் நிலத்தை எடுக்கிற உரிமை உண்டுன்னு சட்டத்துல எழுதியிருக்காங்க. இதுக்கு மட்டும் கிடையாதுன்னு சேர்த்து எழுத நான் யாரு? மாத்தணும்னா சட்டசபைக்குப் போங்க, அதுக்குத்தான் அவங்களுக்கு ஓட்டுப் போடுறோம்." உன் கட்டுரையிலும் ஏறக்குறைய இதுதானே இருக்கிறது. இந்த நீதிபதியை வைத்துக்கொள்ளலாமா வேண்டாமா என்று போன தேர்தலில் கேட்டபோது, சர்ச்சில் காபி மேசைக்கு வந்தவரை எல்லாம் பிடித்து நிறுத்தி, "தன் இஷ்டத்துக்குச் சட்டம் எழுதாத மனுஷன், விட்றாதீங்க" என்று ஓட்டுச் சேர்த்தது யார் என்று நினைக்கிறாய். உன் அப்பாதான்.

வெளியே வந்தால் நீதிபதி அவருடைய வண்டியில் ஏறப்போகிறார். உன் அப்பா நேராக அவரிடம் போனார். அடித்துவிடுவாரோ என்று எனக்கு உயிரே போய்விட்டது. போய்க் கையைக் குலுக்கி, "நீங்க உங்க வேலையைச் செஞ்சீங்க" என்று சொல்லிவிட்டு வந்தார். அடித்திருந்தால்கூட எனக்கு இவ்வளவு அதிர்ச்சி இருந்திருக்காது. வீடு வந்து சேரும் வரை, என்னோடு இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தின ஆள்தானா இது என்று பக்கத்தில் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே வந்தேன்.

இயந்திரச் சத்தம் நின்றுவிட்டது. மீதியை அப்புறம் எழுதுகிறேன்.

*

திங்கள், மத்தியானம்

அப்பா தானியக் கிடங்குக்குப் போயிருக்கிறார். சனிக்கிழமையே இதைத் தபாலில் போட்டிருக்கலாம். போடாததும் நல்லதாகப் போயிற்று. இன்று காலையில் நடந்ததைப் பார்த்தால் அதற்கு முன் எழுதியதெல்லாம் ஒன்றுமே இல்லை.

முதலில் நேற்றுக் கதை. சர்ச்சில் காபி ஊற்றிக்கொண்டிருந்தேன். வெர்னா வந்தாள், நம் பக்கத்துப் பண்ணைக்காரிதான். "பொண்ணைப் படிக்க வச்சது வீண் போகல, லோரெட்டா. கம்பெனிக்கு வக்கீல் செலவு மிச்சம்" என்றாள். சுற்றி நின்றவர்கள் எல்லோரும் ஆளுக்கொரு பிஸ்கட்டை வாயில் போட்டுக்கொண்டார்கள். நான் அவள் கோப்பையில் காபியை நிரப்பி, "உன் பையன் எழுதினதையும் யாராவது ஒரு நாளைக்குக் கோர்ட்டுல படிப்பாங்க, வெர்னா. முதல்ல அவன் எழுதப் பழகட்டும்" என்றேன். சொன்னது தப்புதான், அதுவும் சர்ச்சில். ஆனால் உன்னை நான் திட்டலாம், அவள் திட்டக் கூடாது.

இன்று காலை கார்லா வீட்டுக்கு வந்தாள். முகமெல்லாம் சிரிப்பு. மேல்முறையீடு செய்யலாம், ஒரு பைசா செலவில்லை என்றாள். சொத்துரிமை வழக்குகளை இலவசமாக நடத்தும் வக்கீல்கள் கூட்டம் ஒன்று இருக்கிறதாம். அவர்களிடம் பேசி ஏற்பாடு செய்தது யார் தெரியுமா? உன் ஆன்செல். வசந்தத்தில் எங்களோடு விருந்து சாப்பிட வந்து, மாடு வளர்க்கிற உன் அப்பா பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு வெறும் கீரையைத் தின்றானே, அவனேதான். அன்றைக்கு அவனை எனக்குப் பிடிக்கவில்லை. இன்றைக்கு அவனைக் கட்டிக்கொள்ளலாம் போல இருந்தது. உன்னிடம் சொல்லவில்லையாம், உனக்குப் பரீட்சையாம். எல்லோரும் சேர்ந்து உன் பரீட்சையை நன்றாகக் காப்பாற்றுகிறோம்.

கார்லா அவனைப் போனில் பிடித்து மேசைமேல் வைத்தாள். நிலத்தைப் பொதுப் பயனுக்குத்தான் எடுக்கலாம் என்று அரசியல் சாசனத்தில் இருக்கிறது, ஒரு கம்பெனியின் லாபம் பொதுப் பயன் ஆகாது, இதை மேல் கோர்ட்டில் அடித்துச் சொல்லலாம் என்றான். நல்ல வழக்கு, ஜெயிக்க இடம் இருக்கிறது என்றான். நான் அடுப்பிலிருந்ததை அப்படியே விட்டுவிட்டு வந்து நின்றேன்.

பிறகு அவன் சொன்னான்: "ஒரு விஷயம், மிஸ்டர் ஹார்ம்ஸ். ஆனிகாவோட கட்டுரை தப்புன்னு பேரைச் சொல்லியே எழுதணும். தீர்ப்பு மொத்தமும் அதுமேலதான் நிக்குது, அதைத் தொடாம நகர முடியாது. அவ ஒண்ணும் நினைச்சுக்க மாட்டா. எங்க சங்கத்துல தினமும் ஒருத்தரை ஒருத்தர் தப்புன்னு சொல்லிட்டு, அப்புறம் ஒண்ணாத்தான் சாப்பிடப் போவோம்."

உன் அப்பா போனைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். பிறகு, "உங்க சங்கத்துல சொல்லிக்கோங்க, தம்பி. நான் சங்கம் இல்ல, அவ அப்பன்" என்றார். "என் பேர்ல போற காகிதத்துல என் பொண்ணு தப்பா எழுதிட்டான்னு ஒரு வரி இருக்கக் கூடாது. அடுத்த வருஷம் அவ ஒரு பெரிய நீதிபதிகிட்ட வேலைக்குச் சேரப்போறா. அந்த ஆளும் இதைப் படிப்பாரு. ஹார்ம்ஸ் எதிர் ஹார்ம்ஸ்னு ஊரே சிரிக்கும். வேண்டாம்."

கார்லா பொறுமை இழந்துவிட்டாள். "டுவேன், இதுக்குப் பேரு பாசம் இல்ல, பைத்தியம். அந்த வாயு கசிஞ்சா உங்க படுக்கையறைக்குத்தான் முதல்ல வரும்" என்றாள். அதற்கு அவர் என்ன சொன்னார் தெரியுமா? "அவ எழுதினது சரிதானே, கார்லா. நானே படிச்சேன். எனக்கு வலிக்குதுங்கிறதுக்காக அது தப்பாயிடுமா?"

நான் அப்படியே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன். கம்பெனி எடுத்தது போதாது, நீதிபதி கொடுத்தது போதாது. இந்த மனுஷன் தானே கதவைத் திறந்து விடுகிறார், உன் பெயரில் ஒரு கீறல் விழக் கூடாது என்பதற்காக. இதைச் சொல்லிவிட்டு ஒன்றும் நடக்காதது போல எழுந்து மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போனார். அடுப்பில் இருந்தது கருகிப்போயிருந்தது.

அளக்க வந்தவர்கள் முற்றத்தில் வரிசையாக ஆரஞ்சுக் கொடிகளை நட்டுவிட்டுப் போயிருக்கிறார்கள். உன் அப்பா டிராக்டரில் வரும்போது ஒரு கொடியைக்கூடச் சாய்க்காமல் வளைந்து வளைந்து வருகிறார். இன்றைக்குக் கார்லா போன பிறகு, சமையலறை ஜன்னலுக்கு நேராக இருந்த கொடியை நான் பிடுங்கி எறிந்தேன். அரை மணி நேரம் கழித்துப் பார்த்தால் அது அதே குழியில் நிற்கிறது. அவர்தான் திரும்ப நட்டிருக்கிறார். "சட்டம் சட்டம்தான், லோரெட்டா" என்றார். சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை. ராத்திரி அவர் தூங்குவதும் இல்லை, ஆனிகா. கண்ணை மூடிக்கொண்டு படுத்திருக்கிறார், அவ்வளவுதான்.

நானும் சண்டை போட்டுப் பார்த்துவிட்டேன். நான் ஆரம்பித்தால் பாதியில் அழுதுவிடுகிறேன். அழுகை வாதம் ஆகாது என்று நீயே எழுதிவைத்திருக்கிறாய், அதையும் அவர் எனக்குப் படித்துக் காட்டுகிறார். நீ வந்து, "அப்பா, என்னைப் பத்திக் கவலைப்படாதீங்க" என்று கட்டிக்கொண்டு அழுதாலும் அவர் அசைய மாட்டார். உனக்காக இன்னும் கொஞ்சம் தாங்கிக்கொள்வார். மேல்முறையீட்டுக்கு டிசம்பர் முதல் வாரம் வரைதான் கெடு.

அதனால் நான் கேட்பது வேறு. அன்றைக்குக் கூட்டம் முடிந்து காரில் வரும்போது உன்னிடம் கேட்டேனே, நிஜமாகவே அப்படித்தான் நம்புகிறாயா என்று. "பாதி நம்புறேம்மா. மீதிப் பாதி, அந்த நாற்காலி காலியா இருந்தது எனக்குப் பிடிக்கல" என்றாய். அந்தப் பதில் இந்த நான்கு நாளாக என்னோடேயே இருக்கிறது. இப்போது உன் நாற்காலியில் உன் அப்பா உட்கார்ந்திருக்கிறார். நீ பேசியதையே பேசுகிறார், நீ சொன்ன வரிசையிலேயே பேசுகிறார். அவருக்கு எதிரே யாரும் இல்லை.

இந்த மாதக் கடைசியில் நன்றித் திருநாளுக்கு வர முடியாது, பரீட்சைக்குப் படிக்க வேண்டும் என்று போன மாதம் சொன்னாய். வா. புத்தகங்களையும் தூக்கிக்கொண்டு வா, மாடி அறையில் உட்கார்ந்து படி. ஆன்செலையும் கூட்டி வா, அவனுக்குத் தனியாகக் காய் வேகவைக்கிறேன். உங்கள் கூட்டம் மாதிரியே சமையலறை மேசையில் நடத்திவிடலாம். கோழி நான் பொரிக்கிறேன், இலவசம்தான். உன் கட்டுரை பொய் என்று நீ சொல்ல வேண்டாம், அதை உன் வாயால் கேட்க எனக்கும் ஆசை இல்லை. அன்றைக்கு அந்தக் கம்பெனிக்காகப் பேசினாயே, அதில் பாதித் திறமையோடு இந்த வீட்டுக்காகப் பேசு. ஒரு வரி விடாமல் பேசு. உன் அப்பா நியாயமான மனுஷர், சரியான பதில் கிடைத்தால் ஒப்புக்கொள்வார். பதில் சொல்லத்தான் இங்கே யாருக்கும் தெரியவில்லை.

தானிய வண்டி திரும்பி வருகிறது, புழுதி தெரிகிறது. இதை வெர்னா கையிலாவது கொடுத்து இன்றைக்கே தபாலில் சேர்த்துவிடுவேன். அவளுக்கும் ஒரு மன்னிப்புச் சொல்ல வேண்டியிருக்கிறது.

ஆண்டவர் உன்னைப் பத்திரமாக வீட்டுக்குக் கொண்டுவந்து சேர்க்கட்டும். இத்தனை வருஷமாக நீ ஜெயிக்க வேண்டும் என்றுதான் ஜெபம் செய்தேன், ஒவ்வொரு தடவையும் ஜெயித்தாய். இன்னும் ஒரே ஒரு தடவை, கண்ணு. வந்து உன் அப்பாவைத் தோற்கடி.

உன் வரவுக்காக வாசலையே பார்த்திருக்கும்,
அம்மா
லோரெட்டா ஹார்ம்ஸ்